பதினெட்டு அட்டைகள்

ராத்தாவின் பேத்திக்கு ஐந்து வயது. போன பெருநாளைக்கு வீட்டுக்கு வந்தவள், என்னுடைய கைத்தொலைபேசியை வாங்கி, படச் சோடி சேர்க்கும் விளையாட்டொன்றில் என்னை வரிசையாக நான்கு தடவை தோற்கடித்தாள். கவிழ்த்து வைத்த அட்டைகளில் இரண்டைத் திறக்க வேண்டும். ஒரே படமானால் உங்களுக்கு. வேறு படமானால் இரண்டும் திரும்பவும் கவிழ்ந்துவிடும். எந்தப் படம் எங்கே இருந்தது என்பதை மனத்தில் வைத்திருப்பவருக்கே வெற்றி.

பக்கத்திலிருந்த என் மகன் சும்மா இருக்கவில்லை.

"வாப்பா சின்ன வயசுல இதுல சம்பியன் தெரியுமா? லேன்ல ஒத்தருக்கும் இவர வெல்ல ஏலாம ஈந்த."

இந்தக் கதையை அவனுக்குச் சொன்னது நான்தான். பல தடவை சொல்லியிருக்கிறேன். குசினி வாசலில் நின்ற ராத்தா அதைக் கேட்டுச் சிரித்தார். ஒன்றும் சொல்லவில்லை. வட்டிலப்பம் வைத்திருந்த தட்டை மேசையில் வைத்துவிட்டு உள்ளே போனார். அந்தச் சிரிப்பு எனக்குப் பழக்கமானது. கிட்டத்தட்ட முப்பது வருடமாக அதைப் பார்த்து வருகிறேன்.

அன்றிரவு எனக்கு நித்திரை வரவில்லை.

1996ஆம் ஆண்டு. எனக்குப் பதினொரு வயது. எங்கள் வீடு கொலன்னாவையில், எண்ணெய்த் தாங்கிகள் இருந்த பக்கத்துக்கு அவ்வளவு தூரமில்லாத ஒரு லேனில் இருந்தது. அதற்கு முந்திய வருடம், 1995 ஒக்டோபர் 20ஆம் திகதி, கொலன்னாவையிலும் ஒருகொடவத்தையிலும் இருந்த அந்தத் தாங்கிகள் தாக்கப்பட்டு எரிந்தன. வானம் கறுத்துப் போயிருந்தது. உம்மா கையில் கிடைத்த பாத்திரங்களையும் உடுப்புகளையும் மூட்டையாகக் கட்டி, எங்களை இழுத்துக்கொண்டு மருதானையில் இருந்த மாமி வீட்டுக்கு ஓடியது நினைவிருக்கிறது. அந்த அமளிக்கு இரண்டு மாதத்துக்குப் பிறகு, டிசம்பரில், ராத்தா சாதாரண தரப் பரீட்சை எழுதினார். 1996 ஜனவரி 31இல் கோட்டையில் மத்திய வங்கிக்குக் குண்டு வைத்தார்கள். அதன் பிறகு வாப்பா கடைக்குப் போய் வருவதே உம்மாவுக்கு ஒரு நேர்ச்சை போல இருந்தது.

ராத்தா பரீட்சை முடிவுக்காக வீட்டில் காத்திருந்தார். வெளியே போவதில்லை. பகலெல்லாம் தையல் மெஷினுக்கு முன்னால் இருப்பார். இரவில், கரண்ட் இருந்தால், பழைய கணக்குப் புத்தகம் ஒன்றை எடுத்துச் செய்த கணக்குகளையே திரும்பவும் செய்வார்.

எங்கள் லேனின் கடைசியில் ஒரு நானா, வீட்டின் முன்னறையில் இரண்டு டீவிகளையும் இரண்டு டீவி கேம் பெட்டிகளையும் வைத்து, மணிக்கணக்குக்குக் காசு வாங்கிக்கொண்டு பிள்ளைகளை விளையாட விட்டிருந்தார். சுவரில் மூட்டைப்பூச்சி, தரையில் வாங்கு, ஜொய்ஸ்டிக்கின் பட்டன்களில் எங்கள் எல்லோருடைய விரல் அழுக்கும். அங்கே அதிகம் ஓடியது மூன்றாவது மாரியோ. 'சூப்பர் மாரியோ பிறதர்ஸ் 3' என்று அதன் முழுப்பெயர். 1988 ஒக்டோபரில் ஜப்பானில் வெளிவந்தது. எங்களுக்கு வந்தது அதன் கள்ளப் பிரதி. அதை உருவாக்கிய நின்டெண்டோ நிறுவனம் 1889இல் கியோத்தோ நகரத்தில் தொடங்கப்பட்டபோது கையால் செய்த சீட்டுக்கட்டுகளை விற்ற கம்பனி என்பதை மிகப் பிந்தித்தான் வாசித்தேன். மாரியோவுக்குள் ஒரு சீட்டாட்டம் ஒளிந்திருந்ததில் ஆச்சரியமில்லை.

அந்த ஆட்டம் எப்போதும் வராது. 80,000 புள்ளிகள் சேர்ந்தால்தான் வரைபடத்தில் ஒரு புதிய கட்டம் தோன்றும். அதற்குள் போனால் பதினெட்டு அட்டைகள், மூன்று வரிசையாக, வரிசைக்கு ஆறு. காளான், பூ, நட்சத்திரம், காசு, ஓர் உயிர் என்று படங்கள். சோடி சேர்ந்தால் அந்தப் பொருள் உங்களுக்கு. இரண்டு தடவை பிழைவிட்டால் வெளியே தள்ளிவிடும். அடுத்த 80,000 புள்ளிகளுக்குப் பிறகு மீண்டும் வரும்போது, ஏற்கெனவே சேர்த்த சோடிகள் திறந்தபடியே இருக்கும். மீதியைத் தொடரலாம்.

ஆனால் பெட்டியை அணைத்தால் எல்லாம் போய்விடும். சேமித்து வைக்கிற வசதி அந்த விளையாட்டில் இல்லை. அந்த வருடம் வரட்சி. நீர்த்தேக்கங்கள் வற்றி, நாடு முழுக்க நாளாந்தம் பல மணித்தியாலங்கள் கரண்ட் வெட்டினார்கள். எத்தனையோ தடவை, அட்டைகளுக்கு முன்னால் உட்கார்ந்திருக்கும்போதே திரை சுருங்கி ஒரு வெள்ளைப் புள்ளியாகி மறைந்திருக்கிறது. கொடுத்த காசை நானா திருப்பித் தரமாட்டார்.

பதினெட்டு அட்டைக்கு இரண்டே பிழைகள் என்றால், நல்ல ஞாபகசக்தி இருந்தும் பயனில்லை. பார்த்ததை நினைவில் வைக்கலாம். பார்க்காததை எப்படி நினைவில் வைப்பது? நாங்கள் எல்லோரும் குருட்டு வாக்கில் திறந்து, ஒரு காளானோ பூவோ கிடைத்தால் சந்தோஷப்பட்டு வெளியே வருவோம்.

ஒரு நாள் கரண்ட் இல்லாத இரவில், குப்பி விளக்கு வெளிச்சத்தில், இதை ராத்தாவிடம் புலம்பினேன். அவர் அந்த விளையாட்டைக் கண்ணால் கண்டதே இல்லை. அந்த வீட்டுக்கு அவர் போகவும் முடியாது. நான் சொல்வதைக் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, என்னுடைய சதுரக்கோட்டுக் கொப்பியை எடுத்து, பின்பக்கத்திலிருந்து விரித்து, பென்சிலால் ஆறுக்கு மூன்று கட்டம் ஒன்று போட்டார்.

"இன்டைக்கு எதெல்லாம் தொறந்த? எந்த எடத்துல என்ன ஈந்த?"

சொன்னேன். காளானுக்குக் 'கா', பூவுக்குப் 'பூ', நட்சத்திரத்துக்கு 'ந' என்று எழுதினார். மீதிக் கட்டங்களை வெறுமையாக விட்டார்.

"நாளைக்கும் பாத்துட்டு வா. நீ பாத்தத மட்டும் செல்லு. பாக்காதத பாக்கல்லண்டு செல்லு."

அதன் பிறகு இது ஒவ்வொரு நாளும் நடந்தது. என்னிடம் காசு இல்லாத நாட்களில் மற்றவர்களுக்குப் பின்னால் நின்று அவர்கள் திறக்கும் அட்டைகளைப் பார்த்து வருவேன். ஒரு நாளைக்கு ஆறு கட்டம் நிரம்பும். சில நாளைக்கு நான்குதான். ராத்தா ஒவ்வொரு நாளுக்கும் ஒரு புதிய பெட்டி போடுவார். பழையதன் மேல் எழுதமாட்டார். எனக்கு அது பைத்தியக்காரத்தனமாகத் தெரிந்தது. சீட்டைக் கலைத்துக் கலைத்துத்தானே போடுவார்கள், நேற்றையதை வைத்து இன்றைக்கு என்ன செய்வது என்று கேட்டேன்.

"கலைக்கிறாங்களாண்டு பாக்கத்தான் எழுதுற" என்றார்.

சில கிழமைகள் போயின. ஒரு நாள் பள்ளிக்கூடம் விட்டு வந்தபோது, ராத்தா கொப்பியைத் தையல் மெஷினுக்கு மேல் விரித்து வைத்துக்கொண்டு நின்றார். முகம் சிவந்திருந்தது. இரண்டு பெட்டிகளைக் காட்டினார். இரண்டுக்கும் இடையில் பத்து நாள் இடைவெளி. ஒன்றில் ஒன்பது கட்டம், மற்றதில் எட்டுக் கட்டம் நிரம்பியிருந்தது. இரண்டிலும் நிரம்பியிருந்த கட்டங்களில் ஒன்றுகூட முரண்படவில்லை.

பதினெட்டு அட்டைகளை உண்மையாகக் கலைத்துப் போட்டால் வரக்கூடிய ஒழுங்குகள் கோடிக்கணக்கானவை. அதே ஒழுங்கு பத்து நாளில் திரும்பி வர வழியே இல்லை. அப்படியானால் அவர்கள் கலைக்கவில்லை. ஏற்கெனவே எழுதி வைத்த சில ஒழுங்குகளில் ஒன்றைத்தான் ஒவ்வொரு தடவையும் எடுத்துப் போடுகிறார்கள். ராத்தா பெட்டிகளை ஒன்றோடொன்று பொருத்தினார். ஒத்துப்போகிறவற்றைச் சேர்த்து ஒன்றாக்கினார். இதில் வெறுமையான கட்டத்தை அதிலிருந்து நிரப்பினார். இன்னும் சில கிழமைகளில் எல்லாம் எட்டுப் பெட்டிகளாகச் சுருங்கிவிட்டன. புதிதாக நான் எதைக் கொண்டுவந்தாலும் அந்த எட்டில் ஒன்றுக்குள் விழுந்தது.

எட்டு என்பது சரியான எண்ணிக்கை. அந்த விளையாட்டில் எட்டே ஒழுங்குகள்தான் இருக்கின்றன என்பது பின்னாளில் உலகம் முழுவதும் அதை ஆடியவர்களுக்குத் தெரிந்த விடயம். எட்டையும் படமாகப் போட்டு வைத்திருக்கிறார்கள். அவர்கள் திரைக்கு முன்னால் இருந்து கண்டுபிடித்தார்கள். ராத்தா, திரையைக் காணாமல், ஒரு பதினொரு வயதுப் பொடியனின் வாயிலிருந்து வந்ததை வைத்துக் கண்டுபிடித்தார்.

ராத்தா அதோடு நிற்கவில்லை. எட்டும் தெரிந்தால் போதாது, இன்றைக்கு வந்திருப்பது எட்டில் எது என்று தெரிய வேண்டும். அதற்கு எந்த அட்டையை முதலில் திறப்பது? எனக்கு எல்லா அட்டையும் ஒன்றுதான். அவர் எட்டுப் பெட்டிகளையும் ஒரே பக்கத்தில் வரைந்து, ஒவ்வொரு கட்டமாக விரலை வைத்துக்கொண்டு போனார்.

"எட்டுலயும் ஒரே படம் வார கட்டத்த தொறந்து என்ன பிரயோசனம்? ஒன்டுக்கொன்டு வித்தியாசமா வாரத தொற. ஒரு பிழை உடலாம்தானே. அந்தப் பிழைய வச்சி எதுண்டு கண்டுபுடி. ரெண்டாவது பிழைய மட்டும் உட்டுறாத."

நான் இன்றுவரை கேட்ட உபாயங்களில் இதைவிட நல்லது ஒன்றில்லை. முதற்பிழையை நஷ்டமாகப் பார்க்காமல், அதைக் கொடுத்து ஒரு தகவலை வாங்குவது. மூன்றே கேள்வியில் எட்டை ஒன்றாக்கலாம், ஒவ்வொரு கேள்வியும் பாதியைக் கழித்தால். அட்டையில் இரண்டுக்கு மேற்பட்ட படங்கள் இருப்பதால் அதைவிடச் சீக்கிரமாகவே முடியும். இந்த யோசனைக்குக் கணிதத்தில் பெயர் இருக்கிறது. ராத்தாவுக்கு அந்தப் பெயர் தெரியாது.

எட்டுப் பெட்டிகளையும் நான் மனப்பாடம் செய்தேன். அடுத்த வெள்ளிக்கிழமை, ஜும்ஆவுக்குப் பிறகு, பொடியன்கள் எல்லோரும் பார்த்திருக்க, இரண்டு அட்டைகளைத் திறந்து ஒரு பிழை விட்டேன். பிறகு நிற்காமல் ஒன்பது சோடியையும் சேர்த்தேன். அறைக்குள் சத்தம் நின்றுவிட்டது. நானா எழும்பி வந்து திரையைப் பார்த்தார். அடுத்த நாள் திரும்பவும் செய்து காட்டச் சொன்னார்கள். செய்து காட்டினேன். எப்படி என்று கேட்டார்கள்.

"ஞாபகம் வச்சிக்கிற" என்றேன்.

அது பொய்யில்லை. ஆனால் உண்மையுமில்லை.

பேர் பரவியது. ஒரு மாலை வாப்பா கடையிலிருந்து வரும்போது அந்த நானா வழியில் நிறுத்தி, "உங்கட மகனுக்கு சரியான மூள, நல்லா படிப்பிச்சி உடுங்க" என்று சொல்லியிருக்கிறார். டீவி கேம் விளையாடியதற்கு அடி விழும் என்று பயந்திருந்தேன். வாப்பா அடிக்கவில்லை. என்னைப் பக்கத்தில் உட்கார வைத்து எப்படிச் செய்தேன் என்று கேட்டார். ராத்தா குப்பி விளக்கின் திரியை உயர்த்திக்கொண்டிருந்தார். எனக்கு எதிரேதான் இருந்தார். நான் அதே பதிலைச் சொன்னேன். வாப்பா தலையைத் தடவினார். அடுத்த மாதத்திலிருந்து எனக்குக் கணக்குக்குத் தனியாக ரியூசன்.

அதற்குச் சில மாதங்களில் ராத்தாவின் றிசல்ட்ஸ் வந்தது. கணிதத்துக்கு 'டி'. உயர்தரத்தில் கணிதப் பிரிவு படிக்க வேண்டுமென்றால் இரண்டு பஸ் மாறிப் போக வேண்டும். அந்த ஜூலையில் தெஹிவளையில் ரயிலுக்குள் குண்டு வெடித்திருந்தது. பெண்பிள்ளையை அவ்வளவு தூரம் அனுப்ப வாப்பாவுக்கு மனம் வரவில்லை. வாப்பாவைக் குற்றம் சொல்ல நான் வரவில்லை. அந்த நாட்களில் பஸ்ஸில் ஏறிப் போன யாரும் திரும்பி வருவார் என்பதற்கு உத்தரவாதம் இருக்கவில்லை. ஆனால் அப்போது யாராவது வாப்பாவிடம், "இந்த மூள மகனுடையதில்ல, மகளுடையது" என்று சொல்லியிருந்தால், வேறொரு வழியை அவர் தேடியிருப்பாரோ என்று நான் நினைப்பதுண்டு. சொல்லக்கூடியவன் ஒருவன்தான் இருந்தான்.

ராத்தாவுக்கு இருபது வயதில் கல்யாணம் முடிந்தது. நான் படித்துக் கணக்காளராகி, இன்றைக்கு ஓரளவு வசதியாக இருக்கிறேன்.

கொப்பியை நான் மறந்துவிட்டேன். 2016 மே மாதத்தில் களனி கங்கை பெருக்கெடுத்து, கொலன்னாவை, வெல்லம்பிட்டிய எல்லாம் மூழ்கியபோது உம்மாவின் வீட்டுக்குள்ளும் தண்ணீர் வந்தது. வற்றிய பிறகு நானும் ராத்தாவும் போய்ச் சேற்றை அள்ளினோம். அலுமாரியின் கீழ்த்தட்டில் இருந்த பெட்டியொன்றை வெளியே எடுத்து வைத்தோம். பிறப்புச் சான்றிதழ்கள், கடிதங்கள், என் பள்ளிக்கூடக் கொப்பிகள். பேனையால் எழுதியதெல்லாம் நீலமாகக் கரைந்திருந்தது. ஒரு கொப்பியின் பின்பக்கம் மட்டும் கரையவில்லை. பென்சிலால் எழுதியது.

கொங்கிறீட் தட்டில் வெயிலுக்கு வைத்து, ஒட்டியிருந்த தாள்களை ஒவ்வொன்றாகப் பிரித்தேன். ஆறுக்கு மூன்று கட்டங்கள், பக்கம் பக்கமாக. சில பெட்டிகளுக்குள் இரண்டொரு கட்டத்தைச் சுற்றிச் சிறிய வட்டம் போட்டிருந்தது. பக்கத்தில் மிகச் சிறிய எழுத்தில் 'பாக்கல்ல' என்று எழுதியிருந்தது.

எனக்கு விளங்கச் சற்று நேரம் எடுத்தது. அந்த நாட்களில், எத்தனை அட்டை பார்த்தாய் என்று ராத்தா கேட்கும்போது, குறைவாகச் சொல்ல வெட்கப்பட்டு, இரண்டொன்றை நானாகவே சேர்த்துச் சொல்லியிருக்கிறேன். எட்டு ஒழுங்குகளும் தெளிவான பிறகு, எந்த ஒழுங்குக்குள்ளும் அடங்காமல் நின்றவை அந்தக் கட்டங்கள்தான். நான் எந்தெந்த நாளில், எந்தெந்தக் கட்டத்தில் பொய் சொன்னேன் என்பது முழுவதும் அவருக்குத் தெரிந்திருக்கிறது. என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. 'பொய்' என்றுகூட எழுதவில்லை.

ராத்தா கீழே சுவரைக் கழுவிக்கொண்டிருந்தார். நான் கொப்பியை மூடி என் பைக்குள் வைத்துக்கொண்டேன். அப்போதும் பேசவில்லை.

இப்போது பேத்தி ஆடுகிற ஆட்டம் வேறு. அதில் அட்டைகள் உண்மையாகவே கலைக்கப்படுகின்றன. எட்டு ஒழுங்கு உதவாது. அதற்கும் உபாயங்கள் உண்டு. இந்த ஆட்டத்துக்கு ஜப்பானில் 'ஷிங்கெய் சுய்ஜகு' என்று பெயர், 'நரம்புத் தளர்ச்சி' என்பது அதன் பொருள். ஆனால் முறையாக ஆடினால் நரம்பு தளர வேண்டியதில்லை. தனியாக ஆடும்போது, தெரிந்த அட்டையை முதலில் தொடக்கூடாது. எப்போதும் தெரியாத ஒன்றைத் திறக்க வேண்டும். அதன் சோடி ஏற்கெனவே தெரிந்ததாக இருந்தால் உடனே எடுத்துக்கொள்ளலாம். முதலில் தெரிந்ததைத் திறந்தால் அந்த வாய்ப்பு போய்விடும். எதையும் மறக்காத ஒருவர் இப்படி ஆடினால், சோடி ஒன்றுக்குச் சராசரியாக 1.61 முறை செல்லும் என்று 2013இல் டானியல் வெல்மன், கிரகரி வாரிங்டன் என்ற இரு கணிதவியலாளர்கள் நிறுவினார்கள். ஒன்பது சோடிக்கு ஏறத்தாழப் பதினான்கு முறை. அதைவிட அதிகம் எடுத்தால் நீங்கள் எங்கோ மறந்திருக்கலாம், அல்லது அதிர்ஷ்டம் கைகொடுக்காமல் இருந்திருக்கலாம். குறைவாக எடுத்தால் அது அதிர்ஷ்டம்.

இருவர் ஆடும்போது கதை வேறு. நீங்கள் திறப்பதை எதிராளியும் பார்க்கிறார். முதல் அட்டைக்குச் சோடி தெரியவில்லையென்றால், இரண்டாவதாகப் புதிய ஒன்றைத் திறந்து அவருக்குத் தகவல் கொடுப்பதைவிட, ஏற்கெனவே எல்லோரும் கண்ட ஒன்றையே திரும்பத் திறப்பது சில கட்டங்களில் நல்லது. இதை ஊரி ஸ்விக், மைக் பேட்டர்சன் இருவரும் 1993இல் கணக்குப் போட்டுக் காட்டினார்கள்.

எல்லாவற்றிலும் முக்கியமானது, அங்குமிங்கும் தாவாமல் வரிசைப்படி திறப்பது. படத்தை மட்டும் நினைவில் வைக்க முடியாது. அதற்கு ஒரு விலாசம் வேண்டும். எங்கள் மாமியின் மகன் குர்ஆனை மனனம் செய்த காலத்தில் வேறு அச்சுப் பிரதியைக் கையால் தொடமாட்டான். வசனம் பக்கத்தின் எந்த மூலையில் இருக்கிறது என்பதும் சேர்ந்துதான் மனத்தில் பதிகிறது என்பான். ஹாபிழ்கள் பலரும் இப்படி ஒரே அச்சைப் பிடித்துக்கொள்வது அதனால்தான்.

பேத்தி இதைத்தான் செய்தாள். மேல்வரிசை இடப்பக்கத்திலிருந்து தொடங்கி, வாயால் சொல்லிச் சொல்லித் திறந்தாள். "ஒன்டு, யான. ரெண்டு, குட." யார் சொல்லித் தந்தது என்று கேட்டேன். "உம்மம்மா" என்றாள்.

அடுத்த நாள் காலை, எல்லோரும் தேநீருக்கு உட்கார்ந்திருந்தபோது, கொப்பியை எடுத்து மேசையில் வைத்தேன். தாள்கள் பழுப்பேறி, ஓரமெல்லாம் சேற்றுக் கறை. மகனைக் கூப்பிட்டு எட்டுப் பெட்டிகளையும் காட்டினேன். யாருடைய எழுத்து என்று கேட்டேன். அவன் ராத்தாவின் மாவுக்கணக்கு எழுதும் கொப்பியைத் தினமும் பார்க்கிறவன். உடனே சொன்னான்.

முழுக்கதையையும் சொன்னேன். வாப்பா கேட்டதையும், நான் சொன்ன பதிலையும், ராத்தா விளக்குத் திரியை உயர்த்திக்கொண்டு நின்றதையும். மகன் என்னை ஒரு மாதிரிப் பார்த்தான். பிறகு ராத்தாவைப் பார்த்தான்.

ராத்தா கொப்பியைத் தன் பக்கம் இழுத்து, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, பக்கங்களைப் புரட்டினார். "வாப்பா மௌத்தாகி எவ்வளவு காலம். இப்ப எதுக்குடா தம்பி இதெல்லாம்" என்றார். கோபமில்லை. ஆனால் நான் எதிர்பார்த்த ஆறுதலும் அந்தக் குரலில் இல்லை. அது கிடைக்க வேண்டும் என்று நினைத்ததும் பிழைதான்.

வட்டம் போட்ட கட்டமொன்றில் அவரது விரல் நின்றது.

"இதுல நீ உண்மையாவே என்னத்த பாத்த?"

எனக்கு ஞாபகமில்லை என்றேன். ராத்தா தலையை ஆட்டிவிட்டு, மகனிடம் பென்சில் ஒன்று கேட்டு வாங்கினார். அந்தப் பக்கத்தின் அடியில் இருந்த வெறுமையான இடத்தில் ஆறுக்கு மூன்று கட்டமொன்று போட்டு, பேத்தியைக் கூப்பிட்டுப் பக்கத்தில் உட்கார வைத்தார்.